ஃப்ரீ சைஸ்

முகிலா,

தையில் உனக்குக் கல்யாணம். பத்திரிகை அச்சுக்குப் போய்விட்டது. உன் அப்பா இரண்டு முறை எழுத்துப் பிழை பார்த்துவிட்டு, மூன்றாவது முறை என்னிடம் கொடுத்து, "நீ ஃப்ரீயாத்தான இருக்க, ஒருக்கா பாத்துரு" என்றார். இப்படிப்பட்ட நேரத்தில் ஒரு தாய் மகனுக்குக் கடிதம் எழுதினால், வரப்போகிறவளை எப்படி வைத்துக்கொள்ள வேண்டும், செலவை எப்படி அடக்க வேண்டும், கோபம் வந்தால் என்ன செய்ய வேண்டும் என்றெல்லாம் எழுதுவாள். நானும் அப்படித்தான் மனதுக்குள் தொடங்கினேன். ஆனால் உன் கார்ட்டூனைப் பற்றிப் பேசாமல் வேறு எதையும் உன்னிடம் பேச எனக்கு வரவில்லை. அதனால் அதிலிருந்தே தொடங்குகிறேன். இதை எல்லாரும் படிக்கும்படிதான் எழுதுகிறேன். உன் அப்பாவும் படிப்பார், பக்கத்து வீட்டிலிருந்து உன் அத்தையும் வந்து கண்ணாடியைப் போட்டுக்கொண்டு படிப்பாள். படிக்கட்டும்.

மூன்று மாதத்துக்கு முன்னால் ஒரு சாயங்காலம், நீ எழுதிய பகுதி வருகிறது என்று உன் அப்பா போனை டிவியோடு இணைத்து வைத்தார். சென்னையில் ஒரு மாடியில் உட்கார்ந்து பொம்மைக் குடும்பத்துக்கு வசனம் எழுதுவதும் ஒரு வேலையா என்று ஒரு காலத்தில் கேட்டவர், இப்போது தளவாய்புரத்தில் நமக்குத் தைத்துக் கொடுக்கும் பெண்கள் அத்தனை பேரிடமும் சொல்லிவிட்டுத்தான் வந்திருந்தார். அத்தை ஒரு பொட்டலம் சேவு வாங்கிக்கொண்டு வந்தாள். உன் பொம்மைக் குடும்பத்தில் தொப்பை அப்பா, போனை விட்டுத் தலை நிமிராத மகள், எல்லாப் பரீட்சையிலும் கோட்டை விடும் மகன், பார்ப்பவர்களிடம் நேராகத் திரும்பிப் பேசும் வெள்ளை நாய், பச்சை நைட்டியின் மேல் துண்டு போட்ட அம்மா சரசு. ஒவ்வொரு வாரமும் அப்பாவுக்கும் மகனுக்கும் நாய்க்கும்தான் கதை இருக்கும். சரசு ஓரத்தில் தோசை ஊற்றுவாள். அந்த வாரம்தான் முதன்முறையாகச் சரசுவின் கதை. நீ என்னிடம் போனில், "அம்மா, இது உனக்காக எழுதினது" என்று சொல்லியிருந்தாய்.

சரசுவுக்கு நாற்பத்தைந்து ஆகிறது. யாருக்கும் நினைவில்லை. சிலிண்டர் பதிவான செய்தி மட்டும் அவள் போனுக்கு வருகிறது. முகவாயில் ஒரு நரைமுடியைப் பார்த்துவிட்டு அவள் கண்ணாடி முன் வெகுநேரம் நிற்கிறாள். அப்புறம் திங்கட்கிழமைதோறும் கோயிலுக்கு வேண்டுதல் என்று சொல்லிவிட்டுக் கிளம்புகிறாள். நாய் பின்னாலேயே போகிறது. பார்த்தால் சரசு பஸ் ஸ்டாண்டில் கூலிங்கிளாஸ் போட்டுக்கொண்டு கோன் ஐஸ் சாப்பிடுகிறாள். ஒரு மினிபஸ்ஸில் ஏறி ஊரைச் சுற்றிச் சுற்றி வருகிறாள். நாய் நம் பக்கம் திரும்பி, "அம்மா கும்பிடப் போன சாமி வெனிலாவா, ஸ்ட்ராபெரியா?" என்று கேட்டது. டிவிக்குள் இருந்தவர்கள் சிரித்தார்கள். உன் அப்பா அதற்கும் மேலே சிரித்தார். அத்தையும் சிரித்தாள். சிரித்துக்கொண்டே இருந்தவள் சேவு கையில் இருக்க அப்படியே நின்றாள்.

"ஏட்டி, நீயும் திங்கக்கெழமதான கோயிலுக்குப் போற?"

"அவன் கதைக்கு எழுதுனது மதினி" என்றேன்.

"கதைக்கா? அந்த மிக்சி மூடிய பாரு. நம்ம வீட்டு மூடி ஒடஞ்ச மாதிரியே ஒடஞ்சு ரப்பர் பேண்டு போட்டிருக்கு. மிக்சி மூடியவே பாத்து எழுதுனவன் திங்கக்கெழமைய மட்டும் கற்பனையாவா எழுதுவான்?"

உன் அத்தை பத்தாவதோடு நின்றவள். ஆனால் கதையை இப்படிப் படிக்கத் தெரிந்தவர்கள் உன் அலுவலகத்தில் எத்தனை பேர் இருப்பார்களோ தெரியாது. அதற்குப் பிறகு டிவியில் என்ன நடந்தது என்பதை நான் மட்டும்தான் பார்த்தேன். மற்ற இருவரும் என்னைப் பார்த்துக்கொண்டிருந்தார்கள். சரசு இல்லாத வீட்டில் அப்பா உப்பைத் தேடுகிறார், மகன் சட்டையைத் தேய்க்கப் போய்க் கருக்கிவிடுகிறான், எல்லாரும் அழுதுகொண்டே அவளைத் தேடி வந்து மினிபஸ் கடைசியாக நிற்கும் இடத்தில் கண்டுபிடிக்கிறார்கள். அவளும் கண்ணைத் துடைத்துக்கொண்டு, "வாங்க, வீட்டுக்குப் போவோம், தோசை ஊத்தித் தாரேன்" என்கிறாள். அடுத்த வாரம் அவள் பழையபடி ஓரத்தில் நிற்கிறாள், அதே பச்சை நைட்டியில்.

போன பொங்கலுக்கு நீ வந்திருந்தபோது ஒரு திங்கட்கிழமை அப்பாவின் பைக்கை எடுத்துக்கொண்டு ஸ்ரீவில்லிபுத்தூருக்கு வந்தாய், இல்லையா? மடவார் வளாகத்துக் கோயிலில் என்னைத் தேடியிருப்பாய். நான் அங்கே இல்லை. திரும்பும்போது பஸ் ஸ்டாண்டில் ஐஸ் சாப்பிட்டுக்கொண்டு நின்ற என்னைப் பார்த்திருக்கிறாய். இதை நீ சொல்லாமலேயே உன் கார்ட்டூனிலிருந்து தெரிந்துகொண்டேன், ஏனென்றால் அந்தக் கோன் ஐஸில் பாதி உருகி சரசுவின் முழங்கை வரை வழிவதை நீ வரையச் சொல்லியிருக்கிறாய். அன்றைக்கு வெயில் அப்படித்தான் இருந்தது. நீ அன்று பைக்கை நிறுத்தி, "என்னம்மா, இங்க நிக்க?" என்று கேட்டிருக்கலாம். கேட்டிருந்தால் நானும் ஏதாவது சொல்லியிருப்பேன், ஒருவேளை உண்மையைக்கூட. நீ கேட்கவில்லை. எழுதினாய்.

கோபத்தில் சொல்லவில்லை. நீ அன்பாகத்தான் எழுதியிருக்கிறாய், அதனால்தான் பதில் சொல்வது கடினமாக இருக்கிறது. சரசுவுக்கு என்ன குறை என்று நீ யோசித்திருக்கிறாய். பிறந்தநாளை மறந்துவிட்டார்கள், நரைத்துவிட்டது, இளமை போய்விட்டது, அதனால் கூலிங்கிளாஸ். எல்லாரும் வந்து அழுதால் சரியாகிவிடும். எனக்கு அப்படி இல்லையடா. என் பிறந்தநாளை உன் அப்பா மறந்ததே இல்லை. ஒவ்வொரு வருடமும் புது டிசைனில் ஒரு நைட்டி தைத்துக் கொடுத்துவிடுவார்.

இந்த நைட்டிக் கதை ஒன்று உனக்குத் தெரியாது. நம் வீட்டில் கீழே கட்டிங், மேலே குடித்தனம். கீழே மேசையில் துணியை அடுக்கடுக்காக விரித்து அட்டையை வைத்துக் கோடு போட்டு வெட்டி, தளவாய்புரத்துக்குத் தைக்க அனுப்புகிறோம் என்பது உனக்குத் தெரியும். அந்த அட்டைகளில் அதிகம் ஓடுவது ஃப்ரீ சைஸ். ஒல்லியோ குண்டோ யார் வாங்கினாலும் அடங்கும். அந்த அட்டை யார் அளவு தெரியுமா? உன் அப்பா தொழில் தொடங்கிய புதிதில் என்னை அந்த மேசைக்குப் பக்கத்தில் நிற்க வைத்து அளவெடுத்தார். நீ அப்போது என் வயிற்றில் இருந்தாய். "இதுக்குள்ள ஊரே அடங்கிரும்" என்று சிரித்தார். கணக்குப் படித்தவள் என்பதால் எங்கே எவ்வளவு கூட்ட வேண்டும், தோளில் எவ்வளவு இறக்க வேண்டும் என்று நானே அட்டையில் வரைந்தேன். அட்டை நைந்துபோனால் அதன்மேல் வைத்து அடுத்த அட்டை. இன்றைக்கும் அதே அளவுதான். நீ வெளியே வந்து, வளர்ந்து, சென்னைக்குப் போய்விட்டாய். நீ உள்ளே இருந்தபோது நான் இருந்த அளவு மட்டும் அப்படியே நின்றுவிட்டது. அதைத்தான் நான் இன்றும் உடுத்திக்கொண்டு நடக்கிறேன். உன் சரசுவும் அதையே உடுத்தியிருக்கிறாள். பார்த்தவுடன் எனக்கு அளவு தெரிந்துவிட்டது.

ஒரு முறை நான் உன்னிடம் கேட்டேன், சரசுவுக்கு ஒரு சேலையாவது மாற்றக் கூடாதா என்று. "டிரெஸ் மாத்துனா மொத்தமும் திரும்ப வரையணும்மா, வேலை ஜாஸ்தி. கார்ட்டூன்ல யாருக்கும் டிரெஸ் மாறாது, வயசும் ஏறாது" என்றாய். நான் சரி என்று சொல்லிவிட்டுப் போனை வைத்தேன். அப்புறம் கீழே இறங்கி வெகுநேரம் அட்டையைப் பிடித்துக் கோடு போட்டேன். கையை எடுத்துவிட்டால் கட்டிங் மாஸ்டர், "அக்கா, கோடு நகந்துருச்சு" என்பார். அன்றைக்கு ஒரு கோடும் நகரவில்லை.

எனக்குக் குறை ஒன்றும் இல்லை என்பதுதான் என் சங்கடம். அடிக்கிற புருஷன் இல்லை, குத்திப் பேசுகிற நாத்தனார் இல்லை, பசி இல்லை. எல்லாரும் என்னிடம் பிரியமாக இருக்கிறார்கள். அந்தப் பிரியம் முழுக்க என்னைப் பெயர் சொல்லிக் கூப்பிடுவதாகவே இருக்கிறது. கீழே இருந்து கூப்பிடுவார்கள், மேலே இருந்து கூப்பிடுவார்கள், மதிலுக்கு அந்தப் பக்கம் இருந்து கூப்பிடுவார்கள். நீ சிறுவனாக இருந்தபோது நான் குளிக்கப் போனால் கதவுக்கு வெளியே உட்கார்ந்துகொண்டு, "அம்மா, உள்ள என்ன பண்ற?" என்று கேட்டுக்கொண்டே இருப்பாய். பதில் வர நேரமானால் கதவுக்கு அடியில் உன் விரல்களை நுழைப்பாய். ஈரத்தில் அந்தச் சின்ன விரல்கள் தடவிக்கொண்டு வருவதைப் பார்த்தால் எனக்குச் சிரிப்பும் வரும், மூச்சும் முட்டும். இரண்டும் ஒரே நேரத்தில் வரும் என்று எனக்கு யாரும் சொல்லித் தந்ததில்லை. அந்த விரல்கள் பெரியதாகிப் போய்விட்டன. ஆனால் கதவுக்கு அடியில் யாராவது ஒருவர் விரல் இருந்துகொண்டேதான் இருக்கிறது.

எனக்குக் கடுமையான காய்ச்சல் வந்து ஆஸ்பத்திரியில் சேர்த்தார்களே, நினைவிருக்கிறதா? நீ காலேஜிலிருந்து ஓடிவந்தாய். நீங்கள் எல்லாரும் பயந்துபோயிருந்தீர்கள். எனக்கோ, பார்வையாளர் நேரம் முடிந்தது என்று நர்ஸ் வந்து உங்கள் எல்லாரையும் வெளியே அனுப்பும் அந்த நேரத்துக்காகக் காத்துக்கொண்டே இருக்கத் தோன்றும். ஊசி குத்திய கையோடு மேலே சுற்றும் ஃபேனைப் பார்த்துக்கொண்டு படுத்திருப்பேன். வீட்டுக்குக் கூட்டிவந்த அன்று உன் அத்தை ஆரத்தி எடுத்தாள். நான் அழுதேன். பிழைத்து வந்த சந்தோஷம் என்று எல்லாரும் நினைத்துக்கொண்டார்கள்.

நீ படிப்பை முடித்துவிட்டு வேலை கிடைக்காமல் இருந்த சமயத்தில்தான் அந்தப் பொய் என் வாயில் வந்தது. நான் யோசித்து வைத்துச் சொன்னதில்லை. மாடிப்படி இறங்கும்போது உன் அப்பா, "எங்க கெளம்பிட்ட?" என்றார். கீரை வாங்கத்தான் கிளம்பினேன். வாய், "பிள்ளை வேலைக்கு மடவார் வளாகத்துக்கு வேண்டியிருக்கேன், திங்கக்கெழம தோறும் போகணும்" என்றது. அவர் உடனே வழிவிட்டு ஒதுங்கி நின்றார். அந்த ஒதுங்கலை நான் மறக்கவே முடியாது. நம் வீட்டுப் பெண் ஒருத்தி காரணம் கேட்கப்படாமல் வாசலைத் தாண்ட வேண்டுமானால் கோயில் வேண்டும், இல்லையென்றால் சாவு வேண்டும். முதல் திங்கள் நிஜமாகவே கோயிலுக்குப் போனேன். அடுத்த வாரமும் போனேன். தெரிந்த ஒருத்தி பக்கத்தில் வந்து உட்கார்ந்து, "எங்க, தனியாவா வந்தீய?" என்று தொடங்கி மதியம் வரை பேசினாள். அதற்கடுத்த வாரத்திலிருந்து வேறிடம் போனேன்.

எங்கே என்று உனக்குச் சொல்லப்போவதில்லை. ஸ்ரீவில்லிபுத்தூரில் ஒரு அறை, எனக்கு ஒரு சாவி, மேலே ஒரு ஃபேன். அவ்வளவுதான் சொல்வேன். அங்கே யாரும் இருக்க மாட்டார்கள். கோயிலுக்குள் போன் கூடாது என்று சொல்லி அதை அணைத்துவிடுவேன். தரையில் படுத்துக்கொள்வேன். தூங்குவதும் இல்லை. ஃபேனில் ஒரு இறக்கை கொஞ்சம் வளைந்திருக்கும், அதைப் பார்த்துக்கொண்டிருப்பேன். கொண்டுபோன தயிர்சோற்றைப் பசித்தபோது சாப்பிடுவேன், பசிக்காவிட்டால் மூடியே வைத்திருப்பேன். மதியம் திரும்பி பஸ் ஸ்டாண்டுக்கு வந்து ஒரு ஐஸ். நீ பார்த்தது அந்த ஐஸை மட்டும்தான். உனக்கு வேலை கிடைத்ததும், "அவ திங்கக்கெழமை பலிச்சிருச்சு" என்று உன் அத்தை சொந்தக்காரர்கள் அத்தனை பேருக்கும் சொன்னாள். நியாயமாக அத்தோடு நிறுத்தியிருக்க வேண்டும். "வேலை நெலைக்கணும்ல மதினி" என்றேன். ஆமாமா என்றாள்.

இப்போது உன் கார்ட்டூன் அந்தக் கதவை மூடிவிட்டது. மூடியதுகூடப் பரவாயில்லை, எப்படி மூடியது என்று கேள். மறுநாள் காலையில் அத்தை வந்து என் எதிரில் உட்கார்ந்தாள். திட்டுவாள் என்று நினைத்தேன். அவள் கண் கலங்கியிருந்தது.

"ஏட்டி, நீ எங்கயும் போ, என்னமும் தின்னு. அதுக்கு நான் ஒண்ணும் சொல்லல. ஆனா சாமி பேரச் சொல்லிட்டுல்ல போயிருக்க. சாமிகிட்டயா வெளாடுவ? தையில பிள்ளைக்குக் கல்யாணம். நேத்திக்கடன நிப்பாட்டி வச்சுக்கிட்டு எப்படித் தாலி எடுத்துக் குடுப்ப?"

"இப்ப என்ன செய்யச் சொல்லுதீங்க?"

"பதினோரு திங்கக்கெழம. நெசமா. நானும் கூட வாரேன்."

உன் கல்யாணத்தைக் காட்டிச் சொன்ன பிறகு நான் என்ன மறுப்பது? உன் அப்பாவும் வாசலில் நின்று கேட்டுக்கொண்டிருந்தார். "பஸ்ஸுல எதுக்கு அலையணும்? நான் கார்ல கூட்டிட்டுப் போறேன்" என்றார். அவர் குரலில் ஒரு குற்ற உணர்ச்சி இருந்தது. தன் பெண்டாட்டி தனியாகப் பஸ் ஸ்டாண்டில் நிற்கிறாள் என்பது அவரை உறுத்தியிருக்கிறது. அவருக்குத் தெரிந்த வழியில் அதைச் சரிசெய்யப் பார்த்தார். இப்படியாக என் திங்கட்கிழமைக்குள் எல்லாரும் ஏறி உட்கார்ந்துவிட்டார்கள்.

ராஜபாளையத்தில் நம் வீட்டிலிருந்து கார் கிளம்பும். முன்னால் உன் அப்பா, பக்கத்தில் முழங்கால் வலி என்பதால் அத்தை, பின்னால் நான், என்னோடு தேங்காய் பழக்கூடை. பர்ஸில் அந்தச் சாவி. கோயிலுக்குப் போகும் வழியில் அந்த அறை இருக்கும் தெருமுனை வரும். கார் அதைத் தாண்டும்போது நான் தலையைத் திருப்பாமல் கண்ணை மட்டும் திருப்புவேன். பிரசவத்துக்குத் துணையில்லாத ஒரு பெண்ணுக்குத் தாயாக வந்த சாமி என்று இந்தக் கோயிலைச் சொல்வார்கள். பிரசவம் முடிந்து போன பெண்ணுக்கு யாராக வரும் என்று தெரியவில்லை. கும்பிட்டுவிட்டு வெளியே வந்தால், "இம்புட்டு தூரம் வந்தாச்சு, திருவண்ணாமலைப் பெருமாளையும் பாத்துட்டுப் போயிருவோம்" என்பாள் அத்தை. ஊருக்குப் பக்கத்திலேயே அந்தப் பெயரில் இருக்கும் குன்றில் படியேறி இறங்கி, பால்கோவா வாங்கி, வீடு வந்து சேர்ந்தால் சாயங்காலம். "இப்ப எப்படி இருக்கு, நல்லா இருந்துச்சுல்ல?" என்பார் உன் அப்பா. நல்லா இருந்தது என்பேன்.

ஒரு வாரம் அத்தைக்குக் காய்ச்சல். நாங்கள் இருவர் மட்டும் போனோம். முன் இருக்கையில் நான். வண்டி ஓட்டிக்கொண்டே ரோட்டைப் பார்த்தபடி கேட்டார்.

"ஒண்ணு கேக்கேன், கோவிச்சுக்கிடாத. யாரையும் பாக்கப் போனியா?"

எத்தனை வாரமாக அதை நெஞ்சில் வைத்துக்கொண்டு வண்டி ஓட்டினாரோ, பாவம். "யாரையும் பாக்காம இருக்கத்தான் போனேன்" என்றேன்.

முன்னால் போன லாரியைத் தாண்டினார். பிறகு, "என்னையுமா?" என்றார்.

"என்னையும் சேத்துத்தான்."

அவருக்குப் புரிந்ததா என்று தெரியாது. கியரை மாற்றினார். கும்பிட்டு முடித்ததும் நான் தைரியம் வந்து, "நீங்க போங்க, நான் பொறவு வாரேன்" என்றேன்.

"எங்க போற?"

"எங்கயும் இல்ல."

"எங்கயும் இல்லாத எடத்துக்கு எதுக்குப் போற? ஏறு, வெயிலடிக்கி."

ஏறிக்கொண்டேன். கதவை அவரே இறங்கி வந்து சாத்தினார், என் சேலைத் தலைப்பு மாட்டிக்கொள்ளாமல் உள்ளே எடுத்துவிட்டு. முகிலா, கோபப்பட ஒரு சிறு இடம்கூடக் கிடைக்காத வீட்டில் நான் இருக்கிறேன்.

உனக்குப் புத்தி சொல்ல எனக்கு இருப்பது இதுதான். நிச்சயதார்த்தத்தன்று ஷாலினி நம் வீட்டு மொட்டைமாடிக்குத் தனியாகப் போய் மலையைப் பார்த்துக்கொண்டு நின்றாள். கீழே எல்லாருக்கும் பதற்றமாகிவிட்டது. "பிள்ளை தனியா நிக்கி, யாராச்சும் போங்களேன்" என்றாள் அத்தை. போனது யார் தெரியுமா? நான்தான். படியேறிப் போய், "தண்ணி வேணுமாம்மா?" என்றேன். அவள் திரும்பிச் சிரித்தாள். எனக்கு அந்தச் சிரிப்பு நன்றாகத் தெரியும். நான் தினமும் சிரிப்பது. என் விரல் அவள் கதவுக்கு அடியில் நுழைந்திருந்தது. அவள் கீழே இறங்கி வந்துவிட்டாள். அன்றைக்கு அவள் பின்னால் மாடிக்கு அனுப்ப யாரும் இல்லாமல் போயிருந்தால் நன்றாக இருந்திருக்கும். நாளைக்கு உன் வீட்டில் அவள் ஒரு அறைக் கதவைச் சாத்தினால், கதவுக்கு இந்தப் பக்கம் நீ இரு. அவள் வெளியே வரும்போது நீ அழுதுகொண்டு நிற்காதே, உப்பு டப்பா எங்கே இருக்கிறது என்று முன்னாலேயே தெரிந்து வைத்துக்கொள். அவள் கதவைச் சாத்தியது உன் மேல் உள்ள வெறுப்பு என்று நினைத்தாயானால் அவள் அதற்கும் வந்து உனக்குச் சமாதானம் சொல்ல வேண்டியிருக்கும். அதற்குக் கதவைச் சாத்தாமலே இருக்கலாம்.

போன வாரம் நீ போன் செய்து, சரசுவின் கதைக்கு நல்ல வரவேற்பு, இன்னும் நிறைய எழுதச் சொல்கிறார்கள், சரசுவுக்கு நீயே குரல் கொடு என்றாய். "நீ நீயா பேசுனா போதும்மா. நீ ஃப்ரீயா இருக்குறப்ப வந்தாப் போதும்." தளவாய்புரத்துப் பெண்கள்கூட, "அக்கா, அந்த நைட்டி நம்ம மாடல்தான? டிவிலயே வந்துருச்சே" என்று பெருமைப்பட்டார்கள். நான் யோசித்துச் சொல்கிறேன் என்றேன். யோசித்துவிட்டேன். வருகிறேன். ஆனால் ஒரு கதை எனக்காக எழுத வேண்டும். சரசு ஒரு நாள் நைட்டியை மாற்றிக்கொண்டு வெளியே போக வேண்டும். எத்தனை படம் திரும்ப வரைய வேண்டியிருந்தாலும் வரையச் சொல். வாசல்வரை அவளைக் காட்டு. அதற்குமேல் நாய் பின்னால் போகக் கூடாது. யாரும் தேடிப் போகக் கூடாது. வீட்டில் இருப்பவர்கள் அவர்களே தோசை ஊற்றிக்கொள்ளட்டும். பிய்ந்துபோனால் பிய்ந்த தோசையைத் தின்னட்டும். சாயங்காலம் அவள் வந்துவிடுவாள். எங்கே போனாள் என்று பார்ப்பவர்களுக்கும் சொல்லாதே. உனக்கே தெரியாமல் எழுது. உன்னால் முடியுமா என்று தெரியவில்லை. முடிந்தால் நீ நல்ல எழுத்தாளன்.

நேற்றோடு பதினோரு திங்கள் முடிந்தது. அத்தை விபூதியை என் நெற்றியில் பூசி, "இனி உனக்கு அலைச்சல் இல்லட்டி" என்றாள். வேண்டுதல் இருந்தவரை தெருமுனையையாவது கண்ணால் பார்த்தேன். இனி அதுவும் கிடையாது. நெற்றி விபூதியோடு சாவியைக் கையில் வைத்துக்கொண்டு வெகுநேரம் உட்கார்ந்திருந்தேன். இன்னொரு சாமியைச் சொல்லலாம். உன் கல்யாணத்துக்கு, பிறகு பேரப்பிள்ளைக்கு என்று சாகும்வரை சொல்லிக்கொண்டே போகலாம். அதற்கும் அத்தை கூட வருவாள், காரும் வரும். அதனால் இன்று காலை உன் அப்பா துணி விரித்துக்கொண்டிருந்தபோது எதிர்முனையைப் பிடித்துக்கொண்டே சொன்னேன்.

"வார திங்கக்கெழம நான் போறேன். பஸ்ஸுல."

"அதான் பதினோரு வாரம் முடிஞ்சுருச்சே, எதுக்கு?"

"எதுக்கும் இல்ல."

"எங்க?"

"சொல்ல மாட்டேன். மத்தியானத்துக்கு மேல வந்துருவேன்."

அவர் துணியை விடவில்லை. நானும் விடவில்லை. எங்கள் இருவருக்கும் நடுவில் பூப்போட்ட துணி விறைப்பாக நின்றது. மாஸ்டர் கட்டிங் மெஷினை அணைத்துவிட்டு டீ குடிக்க வெளியே போய்விட்டார். அவர் போன பிறகு உன் அப்பா கேட்டார், அவருக்கு உண்மையிலேயே பயம் எதுவோ அதை.

"அக்கா கேட்டா நான் என்னன்னு சொல்ல?"

"அவ ஃப்ரீயா இல்லன்னு சொல்லுங்க."

அவர் சரி என்றும் சொல்லவில்லை, கூடாது என்றும் சொல்லவில்லை. துணியை மேசையில் இறக்கி, சுருக்கத்தை நீவிவிட்டு, அட்டையை எடுத்து வைத்தார். நான் கோடு போட்டேன். மதியச் சாப்பாட்டுக்குக் கீழே இருந்து வழக்கம்போலப் பெயர் சொல்லிக் கூப்பிட்டார். இதை எழுதும்போதும் நான் அதே நைட்டியில்தான் இருக்கிறேன், தோளில் துண்டுடன். திங்கட்கிழமைக்கு ஒரு நூல் சேலையைத் தேய்த்து அலமாரியில் மடித்து வைத்திருக்கிறேன். அன்று காலையில் படி இறங்கும்போது அவர் ஒதுங்கி நிற்பாரா, காரை எடுப்பாரா என்று எனக்குத் தெரியாது. காரை எடுத்தால் நான் என்ன செய்வேன் என்பதும் தெரியாது.

திங்கட்கிழமை என்ன ஆயிற்று என்று தெரிந்துகொள்ள உனக்குத் துடிக்கும். துடித்தாலும் அன்றைக்குக் கூப்பிடாதே.

செவ்வாய்க்கிழமை கூப்பிடு.

அம்மா